கோப்பை நோட்டின் கடைசிப் பக்கம்

தம்பி,

போன ஞாயிற்றுக்கிழமை நீ போனில் கேட்ட கேள்விக்கு, பஸ் வந்துவிட்டது, அப்புறம் பேசுகிறேன் என்று சொல்லி வைத்துவிட்டேன். பஸ் எதுவும் வரவில்லை. நான் திருவானைக்காவல் நிறுத்தத்தில் நிற்கவும் இல்லை. நம் மேலூர் ரோட்டு வீட்டுக் கூடத்தில், உன் அம்மாவின் படத்துக்கு நேர் எதிரே நாற்காலியில்தான் உட்கார்ந்திருந்தேன். "அம்மா ஏன்ப்பா என்கிட்ட மறைச்சாங்க?" என்று கேட்டாய். ஒரு வருஷமாக அதை மனதுக்குள் போட்டு அரைத்துக்கொண்டிருக்கிறாய் என்பது உன் குரலில் தெரிந்தது. அடுத்த மாதம் அவளுடைய முதல் வருஷத் திதி. அதற்கு வர முடியாது, லீவு இல்லை என்றாய். லீவு ஒரு காரணமே இல்லை என்று எனக்குத் தெரியும். உன் அம்மா தனக்கு வந்த நோயை உன்னிடம் சொல்லாமலே போய்விட்டாள் என்று அவள்மேல் உனக்குக் கோபம். அந்தக் கோபம் ஆள் மாறி விழுந்துவிட்டது. அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

போனில் சொல்லியிருக்கலாம். மூன்று தரம் நம்பரைப் போட்டு, மணி அடிப்பதற்குள் நிறுத்திவிட்டேன். எழுபத்திரண்டு வயதில் எனக்கு இன்னும் தைரியம் வரவில்லை, அதனால் பேனாவை எடுத்தேன். கடிதத்தோடு நம்முடைய கோப்பை நோட்டையும் வைத்து அனுப்புகிறேன். அது என்ன நோட்டு என்று உனக்குத் தெரியும். ஆனாலும் முதலிலிருந்தே எழுதுகிறேன். உன் மகளுக்கு இப்போது ஒரு வயசு. என்றைக்காவது அவள் இதைப் படித்தால், தாத்தா எப்படிப்பட்ட ஆள் என்று அவளுக்கும் தெரிய வேண்டும். நான் சுற்றி வளைக்கிறேன் என்று உனக்குத் தோன்றும். கொஞ்சம் சுற்றித்தான் வருகிறேன், ஆனால் இந்த முறை வந்து சேர்ந்துவிடுவேன்.

துவாக்குடியில் பாய்லர் பாகங்கள் செய்யும் ஒரு சின்னக் கம்பெனியில் எனக்கு முப்பத்தோரு வருஷம் வேலை. வெல்டிங் அடித்த இணைப்பை எக்ஸ்ரே எடுத்துக் கொடுப்பார்கள். அந்தப் படத்தை வெளிச்சப் பெட்டியில் வைத்து, உள்ளே விரிசல் இருக்கிறதா, காற்றுக் குமிழி இருக்கிறதா என்று பார்த்துச் சொல்ல வேண்டும். வெளியே வழவழவென்று இருக்கிற இணைப்பு உள்ளே கெட்டுப்போயிருக்கும். அந்த வேலையில் இரண்டு விதிகளை நான் சாகும்வரை மறக்க மாட்டேன். வெல்டிங் அடித்தவனே தன் இணைப்பைப் பாஸ் செய்துகொள்ளக் கூடாது, அதை வேறொருவன்தான் பார்க்க வேண்டும். படத்தில் சந்தேகமாக ஒரு கோடு தெரிந்தால் உடனே வாயைத் திறக்கக் கூடாது, இன்னொரு படம் எடுத்துப் பார்த்துவிட்டுத்தான் சொல்ல வேண்டும். அவசரப்பட்டுச் சொல்லி நல்ல குழாயை அறுத்துப் போட்டவர்களை நான் பார்த்திருக்கிறேன். இரும்புக்கு அது நல்ல விதி. நான் அதை டிபன் கேரியரோடு சேர்த்து வீட்டுக்கும் கொண்டுவந்துவிட்டேன்.

எங்கள் கம்பெனி கால்பந்து அணிக்கு நான் கோல்கீப்பர். நல்ல கோல்கீப்பர் என்று நான் மட்டும் சொல்லிக்கொள்வேன். மலைக்கோட்டை பஜாரில் ஜவுளிக்கடைச் சந்து முனையில் பழைய புத்தகம் விற்பவரிடம், வெளிநாட்டு விளையாட்டுப் பத்திரிகைகள் ஒரு கட்டு கிடைத்தது. அதில்தான் கப் வின்னர்ஸ் கப் பற்றி முதலில் படித்தேன். ஐரோப்பாவில் அப்போது பெரிய கோப்பை ஒன்று இருந்தது, அது வருஷம் முழுக்க லீக் ஆடி முதலிடம் வந்த அணிகளுக்கு. இது இன்னொன்று. ஒவ்வொரு நாட்டிலும் நாக்-அவுட் கோப்பை என்று ஒன்று நடக்கும், ஒரு ஆட்டம் தோற்றால் மூட்டை கட்ட வேண்டியதுதான். அதில் ஜெயித்த அணிகளை எல்லாம் கூட்டி, அவர்களுக்குள் ஒரு போட்டி. 1960இல் பத்தே அணிகளோடு ஆரம்பித்தது. இதில் ஆட ஆள் அனுப்ப வேண்டுமே என்பதற்காகவே சில நாடுகள் தங்கள் உள்ளூர்க் கோப்பையைத் தூசி தட்டி எடுத்தனவாம். இரண்டாம் டிவிஷன் அணிகூட அதிர்ஷ்டம் இருந்தால் உள்ளே வந்துவிடும். லீக், கோப்பை இரண்டையும் ஒரே அணி ஜெயித்துவிட்டால், கோப்பையின் இறுதி ஆட்டத்தில் தோற்ற அணிக்கு இங்கே இடம் கிடைக்கும். தோற்றவனுக்கும் ஒரு கதவு திறந்து வைத்த போட்டி என்பதால் எனக்கு அதன்மேல் ஒரு பிடிப்பு. இதை உன் அம்மாவிடம் விளக்கியபோது, கப்பு வாங்கினவனுக்கே இன்னொரு கப்பா, இந்த வீட்டில் காபி குடித்த கப்பைக் கழுவ ஆள் இல்லை என்று சொல்லிவிட்டு அடுக்களைக்குப் போய்விட்டாள்.

நீ நாலாவது படிக்கும்போது அந்தப் பத்திரிகைக் கட்டை எடுத்து வைத்துக்கொண்டு படங்களைப் பார்க்க ஆரம்பித்தாய். அன்றைக்கே ஒரு நீள நோட்டு வாங்கி, ஆரம்பத்திலிருந்து ஒவ்வொரு வருஷத்து இறுதி ஆட்டத்தையும் எழுத ஆரம்பித்தோம். நான் சொல்வேன், நீ எழுதுவாய். பழைய வருஷங்களை எழுதி முடித்துவிட்டு, நடப்பு வருஷத்துக்கு வந்ததும், இறுதி ஆட்டம் மட்டுமில்லாமல் எல்லாச் சுற்று ஆட்டங்களுக்கும் நான் ஒரு ஏற்பாடு செய்தேன். அங்கே ராத்திரி நடக்கிற ஆட்டத்தின் முடிவு இங்கே பேப்பரில் வர இரண்டு நாள் ஆகும், அதுவும் கடைசிப் பக்கத்து மூலையில் பொடி எழுத்தில். அந்தப் பேப்பரை நீ எழுந்திருப்பதற்கு முன்னால் நான் மடித்து என் பையில் வைத்துக்கொண்டு கம்பெனி பஸ் ஏறிவிடுவேன். சாயங்காலம் வந்து, காபி குடித்து, மூன்று பேரும் உட்கார்ந்து, யார் ஜெயித்திருப்பார்கள் என்று அவரவர் கட்டத்தில் எழுதிய பிறகுதான் பையைத் திறப்பேன். அப்பா, தம்பி, அம்மா என்று மூன்று கட்டம். அதற்குப் பக்கத்தில் முடிவு. அதற்கும் பக்கத்தில் டிக் போட ஒரு சின்னக் கட்டம். தன் கணிப்புக்குத் தானே டிக் போடக் கூடாது என்று என் கம்பெனி விதியை அதிலும் புகுத்தினேன். உன் அம்மாவுக்குப் பந்து எந்தப் பக்கம் போனால் கோல் என்றே தெரியாது. யார் ஊரில் ஆட்டம் என்று மட்டும் கேட்பாள். சொன்னதும், அந்த ஊர்க்காரங்கதான் ஜெயிப்பாங்க என்று எழுதிவிடுவாள். எத்தனையோ தடவை நம் இரண்டு பேரையும் தோற்கடித்தாள் என்பது நோட்டிலேயே இருக்கிறது.

வெளியூர் கோல் விதியை அவளுக்கு விளக்கினாயே, அது ஞாபகம் இருக்கிறதா? இரண்டு அணியும் ஆளுக்கொரு முறை சொந்த ஊரில் ஆடி, கோல் கணக்கு சமமாக இருந்தால், எதிரி ஊரில் போய் அதிக கோல் போட்டவன் ஜெயித்தவன். அந்த விதியை முதலில் கொண்டுவந்தது நம் போட்டியில்தான் என்று உனக்கு ஒரே பெருமை. அவள் கீரை ஆய்ந்துகொண்டே கேட்டுவிட்டு, வெளியூரில் போய்ப் போட்டால் மதிப்பு ஜாஸ்தி என்றால் வீட்டோடு கிடந்து போடுகிறவன் என்ன இளக்காரமா என்றாள். ரொம்ப வருஷம் கழித்து நீ வேலைக்காக ராட்டர்டாம் கிளம்பினபோது, ஏர்போர்ட் வாசலில் உன் சட்டைக் காலரைச் சரிசெய்துகொண்டு, "போயிட்டு வெளியூர் கோலா நெறையப் போடுடா" என்றாள். நீ சிரித்தாய். நம் கோப்பையின் இறுதி ஆட்டம் பல தடவை நடந்த ஊர் அது என்று எனக்கும் உள்ளுக்குள் ஒரு சந்தோஷம். திரும்பி வரும்போது காவிரிப் பாலம் வரைக்கும் அவள் பின்னால் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே வந்தாள்.

1995 இறுதி ஆட்டத்தை நீ மறந்திருக்க மாட்டாய். கோடை லீவு, வெள்ளிக்கிழமை. முந்தின வருஷம் ஜெயித்த லண்டன் அணி மறுபடியும் இறுதி ஆட்டத்துக்கு வந்திருந்தது. அந்தப் போட்டியில் யாரும் அடுத்தடுத்து இரண்டு வருஷம் ஜெயித்ததே இல்லை. இவர்கள் ஜெயிப்பார்கள் என்று நீ பெரிய எழுத்தில் எழுதியிருந்தாய். அரையிறுதியில் பெனால்டிகளை வரிசையாகத் தடுத்த அவர்களுடைய கோல்கீப்பர் உனக்குக் கடவுள். நான் காலையிலேயே பஸ்ஸில் படித்துவிட்டேன். நாள் முழுக்க அதைப் பையிலும் மனதிலும் வைத்துக்கொண்டு வேலை பார்த்தேன். கூடுதல் நேரமும் முடியப்போகிறது, கடைசி நிமிடம், ஸ்பெயின் அணிக்காரன் ஒருவன் நடுக்கோட்டுக்குக் கொஞ்சம் இந்தப் பக்கத்திலிருந்து பந்தை வானத்துக்கு உதைக்கிறான். கோல்கீப்பர் முன்னால் வந்து நிற்கிறார். அங்கேயிருந்து எவன் அடிப்பான் என்று நினைத்திருப்பார். பந்து தலைக்கு மேலே போகிறது, அவர் அதைப் பார்த்துக்கொண்டே பின்னால் ஓடுகிறார், கை படுகிறது, பந்து உள்ளே போய்விடுகிறது. நான் வாசித்து முடித்ததும் நீ அழுதாய். நானும் ஒரு கோல்கீப்பர் என்ற தோரணையில், முன்னால் வந்து நிற்பது தப்பில்லை, எல்லா கோல்கீப்பரும் செய்வதுதான் என்று உனக்குப் பாடம் எடுத்தேன். நீ அழுகையோடு, காலையிலேயே தெரிந்தும் ஏன் சொல்லவில்லை என்று கேட்டாய். எனக்கு அந்தக் கேள்வி அப்போது காதிலேயே விழவில்லை.

பிளஸ் டூ முடித்து நீ எழுதிய நுழைவுத் தேர்வின் முடிவை ஒருநாள் மத்தியானமே கம்பெனி கம்ப்யூட்டரில் பார்த்துவிட்டேன். நல்ல ரேங்க். ஒரு போன் அடித்துச் சொல்லியிருக்கலாம், எதிர்வீட்டில் போன் இருந்தது. ஆனால் பழக்க தோஷம், சாயங்காலம் வந்து கோப்பை நோட்டை எடுக்கச் சொல்லி, முதலில் உன் கணிப்பை எழுது என்றேன். நீ என் முகத்தையே பார்த்தாய். நான் எக்ஸ்ரே படம் பார்க்கிற முகத்தை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். 'தோல்வி' என்று எழுதிவிட்டு எழுந்து போய்க் குழாயடியில் வாந்தி எடுத்தாய். பாஸ் என்று நான் குழாயடிக்கே வந்து சொல்ல வேண்டியதாயிற்று. உன் அம்மாவுக்கு அவ்வளவு கோபம் வந்து நான் பார்த்ததில்லை. "புள்ளைக்கி வந்த சேதிய நீங்க எதுக்குங்க பையில வச்சிக்கிட்டுத் திரியிறீங்க? அது அவனோடது" என்றாள். அன்றைக்கே அவள் எனக்குச் சொல்லிவிட்டாள். நான் நோட்டை மூடி அலமாரியில் வைத்ததோடு சரி, என்னை மாற்றிக்கொள்ளவில்லை.

அதற்குள் போட்டியே இல்லாமல் போயிருந்தது. பெரிய கோப்பை தன் கதவை அகலமாகத் திறந்தது, முதலிடம் வராத அணிகளும் உள்ளே போகலாம் என்றாயிற்று. அங்கே போக முடிகிறவன் இங்கே ஏன் வருவான்? பெயர் பெற்ற அணிகள் குறைந்தன, பேப்பரில் வந்த மூலைச் செய்தியும் சுருங்கியது. 1999இல் கடைசி ஆட்டம் ஆடி, வேறொரு போட்டியோடு கலந்துவிட்டார்கள். முப்பத்தொன்பது வருஷத்தில் ஒரு அணிகூடக் கோப்பையை அடுத்த வருஷமும் தக்கவைத்துக்கொள்ளவில்லை. ஜெயித்து மறுவருஷமும் இறுதி ஆட்டம்வரை வந்தவர்கள் உண்டு, வந்து தோற்றார்கள். கைக்கு வந்ததை வைத்துக்கொள்ள யாருக்குமே தெரியவில்லை. நீ கடைசி வரியில் 'இனி கிடையாது' என்று எழுதி அடியில் இரண்டு கோடு போட்டாய். அதற்குப் பிறகு நோட்டில் நாலைந்து வெற்றுப் பக்கம் மிச்சம் இருந்தது.

இப்போது போன வருஷத்துக்கு வருகிறேன். ஆடி மாதம் உன் அம்மாவுக்கு வயிற்று வலி விடவே இல்லை. திருவானைக்காவல் பக்கத்தில் ஸ்கேன் எடுத்தோம். படத்தைக் கையில் கொடுத்ததும் பழக்கத்தில் ஜன்னல் வெளிச்சத்துக்குத் தூக்கிப் பார்த்தேன். எனக்கு இரும்பின் படம்தான் படிக்கத் தெரியும். டாக்டர்தான் சொன்னார். கணையத்தில் கட்டி, கல்லீரலுக்கும் போய்விட்டது, மூன்று நாலு மாதம் என்றார். இன்னொரு படம் எடுத்துப் பார்த்துவிடலாம் என்று நான் அவளை வேறு இடத்துக்கு அழைத்துக்கொண்டு அலைந்தேன். அதிலேயே மூன்று வாரம் போயிற்று. அங்கேயும் அதேதான். என் முகத்தைப் பார்த்தே அவள் தெரிந்துகொண்டாள், நேராகக் கேட்டாள், அவளிடம் மறைக்க முடியவில்லை. பிறகு அவள் முதலில் சொன்ன வார்த்தை, "தம்பிக்கிச் சொல்லிடுங்க" என்பதுதான்.

தம்பி, இந்த இடத்தில் ஒரு நிமிஷம் நில். அவள் மறைக்கச் சொல்லவில்லை. சொல்லச் சொன்னாள்.

நான் சொல்லவில்லை. பன்னிரண்டு வருஷம் காத்திருந்து உன் மனைவி அப்போதுதான் ஆறு மாதம், படுக்கையை விட்டு எழுந்திருக்கக் கூடாது என்று உங்கள் ஊர் டாக்டர் சொல்லியிருந்தார். உனக்குச் சொன்னால் நீ அடுத்த விமானத்தில் கிளம்புவாய், அவள் தனியாகப் பயந்துபோவாள், குழந்தைக்கு ஏதாவது ஆகிவிடும் என்று நினைத்தேன். குழந்தை பிறக்கட்டும், பிறகு சொல்லலாம். உன்னிடம் அம்மாவுக்கு அல்சர், மாத்திரை சாப்பிடுகிறாள் என்றேன். இதுவரைகூட நீ மன்னித்துவிடுவாய். எல்லா வீட்டிலும் அப்பன்மார் செய்கிற முட்டாள்தனம்தான். ஆனால் உன் அம்மா அன்று சாயங்காலமே, சொல்லிட்டீங்களா என்று கேட்டாள். சொல்லிட்டேன் என்றேன். அவன் என்ன சொன்னான் என்றாள். அழுதான் என்றேன். அதோடு நிறுத்தாமல், போனில் அதைப் பற்றி நீ பேசாதே, அவன் உடைந்துபோவான், பக்கத்தில் மருமகள் இருப்பாள், அவளுக்குத் தெரியக் கூடாது என்றும் சொன்னேன். அவள் அப்படியே நம்பினாள். முப்பத்தோரு வருஷம் அடுத்தவன் இணைப்பில் விரிசல் பார்த்தவன், என் கையால் அடித்த பொய்யை நானே பாஸ் செய்துகொண்டேன்.

அதற்குப் பிறகு நீ வாரா வாரம் பேசினாய். சாப்பிட்டியாம்மா, வயித்து வலி எப்படி இருக்கு, காரத்தைக் குறை என்று சிரித்துக்கொண்டே பேசினாய். உனக்குத் தெரியாததால் சிரித்தாய். தெரிந்தும் சிரிக்கிறாய் என்று அவள் நினைத்தாள். ஒரு தடவை போனை வைத்துவிட்டு என்னிடம், "எவ்வளவு தைரியமாச் சிரிக்கிறான் பாருங்க. நெஞ்சுக்குள்ள எப்படி இருக்கும் அவனுக்கு" என்றாள். நான் பேப்பரைப் பிரித்து முகத்துக்கு முன்னால் வைத்துக்கொண்டேன். எப்போ வருவே என்று அவள் கேட்டதற்கு, குழந்தை பிறந்து கொஞ்சம் நிமிர்ந்ததும் பொங்கலுக்கு வருகிறேன் என்றாய். உனக்கு அது சாதாரணப் பேச்சு. தான் பொங்கல்வரை இருக்கப்போவதில்லை என்பது அவளுக்குத் தெரியும். அது உனக்கும் தெரியும் என்று நினைத்துக்கொண்டுதான் அந்தப் பொங்கலைக் கேட்டாள். அப்போதும் உன்னை ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. பக்கத்து வீட்டு அம்மாள், பிள்ளை இன்னும் வரவில்லையா என்று இழுத்தபோது, அவனுக்கு அங்கே ரெண்டு உசுரைப் பாத்துக்கணும், நான் ஒருத்திதானே என்று வாயை அடைத்துவிட்டாள்.

புரட்டாசி கடைசியில் பேத்தி பிறந்தாள். அன்றைக்குச் சொல்லியிருக்க வேண்டும். குழந்தை எடை குறைவு என்றாய், ஒரு வாரம் போகட்டும் என்று விட்டேன். பிறகு மருமகளுக்குக் காய்ச்சல், இன்னொரு வாரம். ஒவ்வொரு முறையும் இன்னொரு படம் எடுத்துப் பார்த்துவிட்டுச் சொல்லலாம் என்கிற அதே புத்தி. உன் அம்மா படுத்த படுக்கையாகிவிட்டாள். வீடியோவில் நீ கூப்பிட்டால், தலையணையை முதுகுக்கு வைத்து, முகம் துடைத்து, பொட்டு வைத்து உட்கார வைக்கச் சொல்வாள். அவ்வளவு மெலிந்த முகத்தைப் பார்த்து நீ கேட்டபோது, பத்திய சாப்பாடு என்று நான் குறுக்கே புகுந்தேன். அவள் என்னைப் பார்த்தாள், மருமகள் காதில் விழக் கூடாது என்பதற்காகச் சொல்கிறேன் என்று எடுத்துக்கொண்டாள். அம்மாவும் பிள்ளையும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டே பேசினீர்கள். நடுவில் நான் நின்றேன்.

ஐப்பசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை கோப்பை நோட்டை எடுத்துத் தரச் சொன்னாள். எதற்கு என்றேன், கொடுங்க என்றாள். பேனா பிடிக்கவே அவளுக்கு நேரம் ஆயிற்று. எழுதிவிட்டு மூடித் தலைமாட்டில் வைத்துக்கொண்டாள். திங்கட்கிழமை முழுக்க நினைவு வந்து வந்து போயிற்று. செவ்வாய்க்கிழமை காலையில்தான், தம்பி, எனக்குப் பயம் வந்தது, உனக்குப் போன் செய்தேன். உடனே கிளம்பி வா என்று மட்டும் சொன்னேன். புதன்கிழமை காலையில் கொஞ்சம் தெளிந்து, கிளம்பிட்டானா என்றாள். ஃப்ளைட்டில் ஏறிவிட்டான் என்றேன். நாலு மாதத்தில் உன்னைப் பற்றி அவளிடம் நான் சொன்ன ஒரே உண்மை அதுதான். "நான்தான் எழுதி வச்சேனே" என்றாள். அன்று மத்தியானம் போய்விட்டாள். அவளிடம் நான் எதையும் ஒத்துக்கொள்ளவில்லை. ஒத்துக்கொள்ள நேரம் இருந்தது.

வியாழக்கிழமை காலையில் நீ வந்தாய். வாசலில் செருப்பைக்கூடக் கழற்றாமல் நேரே அவள் காலடியில் விழுந்தாய். கொள்ளிடக் கரையில் எல்லாம் முடிந்து வந்த பிறகு, ஏன் என்னிடம் சொல்லவில்லை என்று என் சட்டையைப் பிடித்தாய். உறவுக்காரர்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான், "அம்மாதான்ப்பா சொல்ல வேணாம்னுட்டா" என்றேன். நீ கையை எடுத்துவிட்டாய். உன் முகம் அப்படியே மூடிக்கொண்டதைப் பார்த்தேன். பதில் சொல்ல முடியாத ஒருத்தி தலையில் அதைப் போட்டுவிட்டு நான் தப்பித்தேன். அம்மா மறைத்தாள் என்று நீ நம்புவதற்குக் காரணம் அந்த ஒரு வாக்கியம். பிள்ளைக்குத் தெரியும், ஆனாலும் வர முடியவில்லை என்று அவள் நம்பிக்கொண்டே போனதற்குக் காரணமும் நான். நீங்கள் இரண்டு பேரும் ஒருவருக்கொருவர் ஒரு தப்பும் செய்யவில்லை.

உனக்குப் புத்தி சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை. ஆனாலும் ஒன்று சொல்லிவிடுகிறேன். உன் மனைவிக்கோ, மகளுக்கோ உரிய சேதி எதுவும் உன் கைக்கு வந்தால், அது நல்லதோ கெட்டதோ, அன்றைக்கே கொடுத்துவிடு. அவர்கள் நல்லதுக்காக வைத்திருக்கிறேன் என்று உனக்குத் தோன்றும். நாலு மாதமும் எனக்கு அப்படித்தான் தோன்றியது. நான் முன்னால் வந்து நின்று எல்லாரையும் காப்பாற்றுகிறேன் என்று நினைத்தேன். இப்போது அந்த லண்டன் கோல்கீப்பரை அடிக்கடி நினைத்துக்கொள்கிறேன். அவருக்கு ஒரு நிமிஷம்கூட இல்லை, பாவம். எனக்கு நூறு நாளுக்கு மேல் இருந்தது.

இதுவரைக்கும் நேற்றே எழுதி முடித்துவிட்டேன். ஒரு தரம் நிதானமாகப் படித்துப் பார்த்து, நாலு நாள் கழித்து அனுப்பலாம் என்று தோன்றியது. தோன்றிய உடனே உறையில் விலாசம் எழுதிவிட்டேன், படித்துப் பார்க்கப்போவதில்லை. எழுத்துப்பிழை இருந்தால் பொறுத்துக்கொள். திதிக்கு வா என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை. வந்தால் என்னோடு பேச வேண்டாம், என் முகத்தைப் பார்க்க வேண்டாம், காவிரிக் கரையில் அம்மா மண்டபம் படித்துறையில் அவளுக்கு எள்ளும் தண்ணீரும் விட்டுவிட்டுப் போ. அவளிடம் கோபமாக மட்டும் இருக்காதே.

நோட்டின் கடைசிப் பக்கத்தைத் திறந்து பார். 'இனி கிடையாது' என்று நீ கோடு போட்ட பக்கத்துக்கு நாலு பக்கம் தள்ளி, அவளே அளவுகோல் இல்லாமல் கோணல்மாணலாகக் கட்டம் போட்டிருக்கிறாள். அப்பா என்ற கட்டம் காலி, தம்பி என்ற கட்டம் காலி. அம்மா என்ற கட்டத்தில், 'வியாழக்கிழமை வந்துடுவான்' என்று எழுதியிருக்கிறாள். நீ பிறந்தது ஒரு வியாழக்கிழமை, அதனால்தான் அந்தக் கிழமையை எழுதியிருப்பாள், வேறு கணக்கு அவளுக்குத் தெரியாது. அவள் சொன்னது சரியாகப் போயிற்று. பக்கத்தில் டிக் போடுகிற கட்டம் ஒரு வருஷமாகக் காலியாக இருக்கிறது. நானும் பேனாவை எடுத்துப் பார்த்தேன், போட முடியவில்லை. அதை நீ போடு.

அப்பா